படத்துக்குக் கீழே ஒரு தப்பு

அந்த மனுஷனுக்கு ஞாபகம் போயிடுச்சுன்னு நீ சொல்றே. நீ என்ன, அவர் பெத்த பொண்ணே அப்படித்தான் நினைச்சா. முழுசாக் கேளு, அப்புறம் பேசு.

லிஃப்ட் ரிப்பேர் பாத்து ரிட்டையர் ஆன மனுஷன். பொண்ணு போன் வாங்கிக் குடுத்தா. வீட்டுல இருந்த பழைய போட்டோவையெல்லாம் ஒண்ணொண்ணா ஃபேஸ்புக்ல ஏத்த ஆரம்பிச்சார். ஏத்தினாரு சரி, கீழே எழுதினாரே, அங்கதான் வினை.

பெத்த பொண்ணு தொட்டில்ல கிடக்கிற படத்துக்கு, 'அத்தை மகள், மூன்று மாதம்'னு எழுதினார். தம்பியும் அவரும் ரயில்வே ஸ்டேஷன்ல எடுத்துக்கிட்ட படத்துக்கு, 'பூங்காவில் ஒரு மாலை'. பின்னாடி இன்ஜின் நிக்குது. கண்ணை மூடிக்கிட்டுப் பாத்தாலும் தெரியும்.

அந்தப் பொண்ணுக்கு வேலையே கேப்ஷன் எழுதறதுதான். ஒரு துணிக்கடைக்கு. 'தூக்கத்துக்கும் ஒரு உடுப்பு வேணாமா'ன்னு ஒரு தடவை போர்வைக்கு எழுதினா பாரு, ஒரே வாரத்துல குடோன் காலி. அந்த முதலாளி கஞ்சன், ஒரு போர்வையாவது குடுத்தானான்னு கேளு. அது கிடக்கட்டும்.

"கேப்ஷன் ராணி வீட்டுலயே இப்படியா?"ன்னு கூட வேலை பாக்கிறவ சிரிச்சா. இவளுக்கு மூஞ்சி சுருங்கிப் போச்சு.

அதைவிட அந்தத் தம்பி, அதான் அவ சித்தப்பா, அவர் கமெண்ட்தான் பெரிய ரோதனை. அவர் அச்சாபீஸ்ல பிழை திருத்துறவர். சிவப்பு மைன்னுதான் அங்க கூப்பிடுவாங்க. தன் கல்யாணப் பத்திரிகையிலயே ரெண்டு இடத்துல பேனாவால திருத்தி, அப்படியே ஊருக்கெல்லாம் குடுத்த ஆளு. பொண்ணு வீட்டுக்காரங்க முகத்தைப் பாக்கணுமே.

ஒன்பது வருஷத்துக்கு முன்னாடி அண்ணன் தம்பியைப் பெத்த அம்மா செத்தப்ப, தம்பி வந்து சேர்றதுக்குள்ள அண்ணன் அடக்கம் பண்ணிட்டார். மழை, ரெண்டு நாள் ஆயிடுச்சு, என்ன காரணம் சொன்னாலும் தப்பு தப்புதானே. தம்பி வந்தப்ப ஈர மண்ணுதான் இருந்துச்சு. அன்னைக்கு மூடின வாய். விசேஷ வீட்டுல ஒருத்தர் முன் வாசல்ல உக்காந்தா இன்னொருத்தர் பின் வாசல்ல.

அப்படிப்பட்டவர் அண்ணன் போடற படத்துக்குக் கீழே மட்டும் தவறாம வந்துடுவார். 'பூங்கா அல்ல. ரயில் நிலையம். ஆண்டும் தவறு.' அண்ணான்னு ஒரு வார்த்தை கிடையாது.

"ஊரே பாக்க உங்களை அசிங்கப்படுத்துறார்ப்பா. பிளாக் பண்ணிடவா?"

"வேணாம்மா. அவன் சொல்றது சரிதானே."

"அப்ப நீங்க ஏன் தப்பா எழுதறீங்க?"

"வயசாச்சுல்ல."

ஒரு ஞாயித்துக்கிழமை அப்பா போனை எடுத்துக்கிட்டு உக்காந்தா. அம்மாவைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு வருஷம், இடம், ஆளுன்னு கேட்டுக் கேட்டு நாப்பத்துமூணு படத்தையும் திருத்தினா.

"படத்துல தெரியறதை எழுதக் கூடாதுப்பா. தெரியாததை எழுதணும்"னு பாடம் வேற. அந்த ஸ்டேஷன் படத்துக்கு, 'வண்டி வந்தது. ஏறத்தான் மனசில்லை'ன்னு போட்டா. கேப்ஷன் சரியானப்புறம் சித்தப்பா கமெண்ட்டுக்கு என்ன வேலை? எல்லாத்தையும் அழிச்சா.

லைக் வந்து குவிஞ்சுது. சித்தப்பாகிட்டேர்ந்து மூச்சு இல்ல.

"வாயை அடைச்சாச்சு"ன்னா அம்மாகிட்ட.

அப்பா மொத வாரம் மணிக்கொரு தடவை போனைத் திறந்து பாத்தார். ரெண்டாவது வாரம் ஷேவ் பண்ணல. மூணாவது வாரம் சுவத்தைப் பாத்துப் படுத்தவர்தான், தட்டு வெச்சது வெச்சபடி இருக்கு. மறதி முத்திடுச்சுன்னு நினைச்சு, இவ டாக்டர்கிட்ட நேரம் வாங்கிட்டா.

கிளம்பற அன்னைக்குக் காலையில ஒரு போன்.

"நான் சித்தப்பா பேசறேன்."

"சொல்லுங்க." குரல் விறைப்பாத்தான் வந்துச்சு.

"அண்ணனுக்கு உடம்புக்கு என்ன?"

"யார் சொன்னா?"

"மூணு வாரமா ஒரு தப்புகூட வரலையேம்மா."

"நான்தான் திருத்தினேன். இனிமே உங்களுக்கு வேலையில்ல."

சித்தப்பா கேட்டது வேற.

"கமெண்ட்டெல்லாம்?"

"அதையும்தான் அழிச்சுட்டேன்."

"அடிப் பாவி மகளே." திட்டற மாதிரி இல்ல, பெருமூச்சு விடற மாதிரி இருந்துச்சு. "அந்த ஸ்டேஷன் படம் எடுத்த அன்னைக்கு நான் என்ன சட்டை போட்டிருந்தேன், என்ன சாப்பிட்டேன், எல்லாம் சொல்லுவார் உங்கப்பா. அவருக்கா மறதி? தப்பைப் பாத்தா எனக்குக் கை சும்மா இருக்காதுன்னு அவருக்குத் தெரியும். அவர் தப்பா போடுவார், நான் திருத்துவேன். இந்த ஒன்பது வருஷத்துல நாங்க பேசிக்கிட்டது அந்த நாப்பத்துமூணு வரிதான்."



"இருங்க சித்தப்பா, அப்பாகிட்ட குடுக்கறேன். பேசுங்க."

"வேணாம்மா. பேச ஆரம்பிச்சா எங்கம்மா பேச்சு வந்துடும். ரெண்டு பேருக்கும் தாங்காது." வெச்சுட்டார்.

அவ உள்ள போனா. அப்பா திரும்பிப் பாக்கல. கட்டில் ஓரமா உக்காந்து அவர் போனைக் கையில எடுத்தா. அழிச்சது அழிச்சதுதான், ஒண்ணும் திரும்ப வராது.

அடுப்படிப் பக்கம் குரல் குடுத்தா.

"அம்மா, பழைய படம் இன்னும் ஏதாவது இருந்தா உள்ள கொண்டு வா. எந்த வருஷம்னு மட்டும் என்கிட்ட சொல்லிடாதே."