விதைச் சனம்

"உள்ள போகாதடி. என்கூடவே வெளிய இருந்துடு."

மாமியார் ஓர்மத், ஜில்யாவின் கையை இறுகப் பிடித்துக்கொண்டிருந்தாள். குகை வாசலில் வரிசை நகர்ந்துகொண்டிருந்தது. மேலே வெள்ளிமலையின் உச்சி கருகருவென்று புகை கக்கியது.

மலை புகைந்தால் நெருப்பு மழை பெய்து உலகம் அழியும். குகைக்குள் இருப்பவர்கள் மட்டும் விதையாக மிஞ்சி, புது உலகத்தில் முளைப்பார்கள். சாகர்தான் என்ற அந்த ஊர் மக்கள் பாட்டன் காலத்திலிருந்து நம்பிவரும் வாக்கு அது. விதை யார், சருகு யார் என்று மலைக்குரு போன அறுவடையின்போதே பிரித்துச் சொல்லிவிட்டார். நிலமும் கால்வாயும் வைத்திருந்த வீடுகள் விதை. அவர்களுக்கு உழுது போட்டவர்கள் சருகு.

வயதாகிவிட்டதென்று ஓர்மத்தும் சருகில் சேர்க்கப்பட்டாள். அன்றிலிருந்து உழவர்களின் குடிசைகளில்தான் பொழுதைக் கழித்தாள்.

ஜில்யா முகத்தைச் சுளித்தாள். சாகப்போகிற நேரத்தில் துணைக்கு ஒரு சின்னப் பெண்ணையும் சேர்த்து இழுக்கிறாளே! இத்தனை வருடம் வாய் நிறைய அத்தை என்று கூப்பிட்டது இவளைத்தானா?

"கைய விடுங்க அத்தே. அவரு கூப்பிடறாரு."

"அவன் போனா போகட்டும். நீ போகாத."

கையை உதறிவிட்டு நடந்தாள். வாசலில் கூடியிருந்த சருகுச் சனத்தில் ஒருவர்கூட அழவில்லை. இடுப்பில் அரிவாளைச் செருகிக்கொண்டு, பாதாம் ஓட்டைத் துப்பிக்கொண்டு, மாடுகள் மாதிரி பார்த்துக்கொண்டு நின்றார்கள். சாவு வருவதுகூட உறைக்காத ஜென்மங்கள்! அதுவும் அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

உள்ளே ஆட்டுக்கொழுப்பு விளக்குகளின் நாற்றம். உலகம் அழிவதற்கு முன்பே விதைகள் பந்திக்கு உட்கார்ந்துவிட்டிருந்தார்கள். மலைக்குரு தொடைக்கறியைக் கடித்து இழுத்தார். தாடியில் வழிந்த கொழுப்பைப் புறங்கையால் துடைத்து, அந்தக் கையையும் நக்கிக்கொண்டார்.

"வெளிய அவங்க கத்துறது இங்க கேக்குமா சாமி?" என்று ஒரு பெண் கவலையோடு கேட்டாள்.

"கொஞ்ச நேரம் கேக்கும்மா. அப்புறம் பழகிடும். மெத்தைய உள்பக்கமா போட்டுக்க."

பந்தி முழுவதும் சிரித்தது.

ஒரு மூலையில் ஜில்யாவின் கணவன் தெர்கான் கம்பளம் விரித்திருந்தான். பக்கத்தில் ஒரு கட்டை. அதன்மேல் அவனுடைய வேட்டை ராஜாளி, தலையில் தோல் குல்லாயோடு உட்கார்ந்திருந்தது.

"இதுக்கு எப்படிங்க இடம் குடுத்தாங்க?"

"வீட்டுக்கு மூணு இடம்னு குரு சொல்லியிருக்காரே. உனக்கு ஒண்ணு, எனக்கு ஒண்ணு, இதுக்கு ஒண்ணு."

"மூணா? வயசானவங்களுக்கு இடமில்லன்னு குரு சொல்லிட்டாருன்னீங்களே?"

தெர்கான் பறவையின் கழுத்தைத் தடவிக் கொடுத்தான். "அவரு எங்க சொன்னாரு? அம்மா இனிமே எத்தன நாளைக்கு இருக்கப் போறாங்க, சொல்லு. புது உலகத்துல நான் வேட்டைக்குப் போக வேண்டாமா?"

அவன் உட்கார்ந்திருந்த கம்பளத்தைக் காலையில் சுருட்டிக் கட்டிக் கொடுத்தவள் அந்த அம்மாதான். ஜில்யா கம்பளத்தின் மேலேயே காறித் துப்பினாள்.

"இந்த விதையெல்லாம் முளைச்சா அது என்ன உலகம்! நான் வெளிய போறேன். நீங்களும் வாங்க."

"பைத்தியமா உனக்கு? கல்ல உருட்டப் போறாங்கடி!"

சொன்னானே தவிர எழுந்திருக்கவில்லை. இரைச்சலில் ராஜாளி மிரண்டுவிடாமல் அணைத்துப் பிடித்துக்கொண்டான்.

வாசலை அடைக்கும் வட்டக்கல்லை வெளியிலிருந்துதான் தள்ள முடியும். சருகுகள் அதைத் தள்ளி மூடிவிட்டு எரிந்துபோக வேண்டும். புது உலகம் பிறந்ததும் கல் தானாக விலகும். குருவின் ஏற்பாடு அப்படி. ஜில்யா இடுக்கில் புகுந்து வெளியே வந்து விழவும், அவள் முதுகுக்குப் பின்னால் கல் இடித்து நிற்கவும் சரியாக இருந்தது.

ஓர்மத் ஓடி வந்து அவளைக் கட்டிக்கொண்டாள்.

"அவன் வரலியா?"

"கூப்பிட்டேன் அத்தே. வரல."

ஓர்மத் கல்லைத் தொட்டுப் பார்த்தாள். "நானும் நேத்தே கால்ல விழுந்து கேட்டேன், போகாதடான்னு. உதறிட்டுப் போயிட்டான்." முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டாள்.

ஜில்யா மண்ணில் உட்கார்ந்து அவள் மடியில் முகம் புதைத்தாள். சாவதென்றால் இந்த மடியிலேயே சாகலாம். முதுகில் முதல் நெருப்புத் துளி விழக் காத்திருந்தாள்.

விழவில்லை. சுற்றிலும் காலடிச் சத்தம். யாரோ சீட்டியடித்தார்கள். நிமிர்ந்து பார்த்தால், சருகுச் சனம் முழுவதும் பேசிச் சிரித்துக்கொண்டு சரிவில் இறங்கிக்கொண்டிருந்தது.

"எங்க அத்தே போறாங்க?"

"கோதும வயலுக்கு. வெயில் ஏறுறதுக்குள்ள அறுக்கணும்ல."

"உலகமே அழியப் போவுது, யாருக்காக அறுக்கறாங்க?"

"இந்தத் தடவ நமக்காக. எழுந்திரு. உள்ள சாப்பாடு நிறையக் கிடக்கு, ஒண்ணும் ஆகாது. நிலத்தப் பங்கு போட்டு முடிச்சதும் கல்லத் தள்ளி வெளிய விடுவோம்."

ஜில்யா ஒன்றும் புரியாமல் மலையுச்சியைக் காட்டினாள். "அப்போ அந்தப் புகை?"

"நாங்க மூட்டினதுடி."