அனாமிகாவின் பொருள்

பெயர் சூட்டும் நாளன்று, தங்கை தேன்மொழி தன் மகளுக்குத் தேர்ந்தெடுத்திருந்த பெயரைக் கேட்டதும் இளஞ்சேரன் கைபேசியை எடுத்தான். எந்தப் பெயருக்கும் பொருள் சரிதானா என்று பார்க்காமல் அவனால் இருக்க முடியாது. இணையதளங்கள் ஏதேதோ சொல்லின, அகராதிக்குப் போனான்.

“அனாமிகான்னா பேரில்லாதவள்னு அர்த்தம்,” என்று எல்லோருக்கும் கேட்கும்படி சிரித்தான். “பாத்து வைக்க வேணாமா?”

உறவினர்களும் சிரித்தார்கள். தேன்மொழி சிரிக்கவில்லை.

“தெரியும்ணா. மூத்தவ பொறந்த மறுநாளே போனப்ப, ஒரு பேரு வச்சுப் புதைக்கலாம்னு உங்கிட்டதான் கெஞ்சுனேன். போன புள்ளைக்கு எதுக்குப் பேருன்னு கேட்ட. இனிமே இவளைக் கூப்பிடுறப்பல்லாம் அவளையும் சேத்துத்தான் கூப்பிடப்போறேன்.”

அப்படிச் சொன்னது அவனுக்கு நினைவில்லை. அந்தச் சின்னத் துணிப்பொதியை வாங்கிக்கொண்டு, மழை வருவதற்குள் முடித்துவிட வேண்டுமென்று நடந்தது மட்டும் நினைவிருந்தது.

தேன்மொழி குழந்தையை அவன் மடியில் கிடத்தினாள்.

“தாய்மாமன்தான் மொதல்ல சொல்லணும். காதுல மூணு தடவ.”

குழந்தையின் காதருகே குனிந்தான். பெயர் வாயில் வரவில்லை. நிமிரவும் முடியவில்லை, நிமிர்ந்தால் தங்கையின் முகத்தைப் பார்க்க வேண்டும்.