கதவுச் சுவிட்சின் பதில்

தகடுகளை அழுத்தி வளைக்கும் பெரிய இயந்திரம் ஒன்றின் கதவருகே, சிறிய சுவிட்ச் ஒன்று காவலுக்கு இருந்தது. கதவு மூடித் தன் தலையை அழுத்தினால்தான், "சாத்தியாச்சு ஐயா" என்று அது கட்டுப்பாட்டுப் பெட்டிக்குச் சொல்லும். பெட்டிக்குக் கண் கிடையாது. அந்தச் சொல்லை நம்பியே அது இயந்திரத்தை ஓட்டும்.

எண்ணெய்ப் பிசுக்கேறிச் சுவிட்சின் தலை அடிக்கடி சிக்கியதால் வேலை தடைப்பட்டது. பிசுக்கைத் துடைக்கப் பொறுமையற்ற ஃபிட்டர் இருதயராஜ், அதன் தலையை அழுத்திக் கம்பியால் இறுகக் கட்டிவிட்டார். அன்றுமுதல் கதவு திறந்தே கிடந்தாலும், பெட்டிக்கு வேறு பதில் சொல்ல சுவிட்சால் இயலவில்லை.

"உனக்கென்ன குறை தம்பி? முன்னே வேலை நின்றால் உன்னைத்தானே திட்டுவாங்க. இப்போ ஒரு பேச்சு உண்டா?" என்று கம்பி கேலி செய்தது.

ஒரு நாள் உள்ளே தகடு சிக்கி இயந்திரம் நின்றது. இருதயராஜ் திறந்த கதவு வழியே முழங்கைவரை கையை நுழைத்து அதை இழுத்தார். சுவிட்ச் கம்பியிடம் கெஞ்சியது.

"கம்பியண்ணே, கொஞ்சம் தளர்ந்து கொடுங்க. தகடு வந்ததும் பெட்டி கேட்கும். உள்ளே மனுஷன் கை இருக்கு."

"நானாகவா வந்து சுத்திக்கிட்டேன்? கட்டின கை அதுதான். அதுவே வந்து அவிழ்க்கட்டும்."

தகடு விடுபட்டது. கை இன்னும் உள்ளேதான் இருந்தது.

"கதவு சாத்தியாச்சா?" என்று பெட்டி வழக்கம்போல் கேட்டது.

சுவிட்ச் தன் பலமனைத்தும் திரட்டித் தலையை நிமிர்த்தப் பார்த்தது. கம்பி மயிரிழையும் அசையவில்லை.

"சாத்தியாச்சு ஐயா" என்றது சுவிட்ச்.