சொன்னா நானும் சிரிப்பேன்ல

பதினொன்றேகால். இடைவேளை மணி அடித்து, டீயும் வந்துவிட்டது.

ஆசிரியர் அறையில் நாற்காலிகள் கணக்கு வாத்தியாரை நோக்கி நகர்ந்தன.

இரண்டு மாதமாக அவர் யாருடைய குரலிலும் பேசிக் காட்டவில்லை. தன்னைப் போலப் பேசிக் காட்டுகிறார் என்று வரலாற்று டீச்சர் தலைமையாசிரியையிடம் போய் அழுதுவிட்டார். இன்னொரு புகார் வந்தால் மாற்றல்தான் என்று தலைமையாசிரியை முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டார்.

வீட்டில் கணக்கு வாத்தியாருடைய அம்மா படுத்த படுக்கை. ஊரைவிட்டு நகர முடியாது. அன்றே வாயைப் பூட்டிக்கொண்டார்.

மறுவாரம் டீச்சர் மருத்துவ விடுப்பில் போனார். உடம்புக்கு என்ன என்று யாரும் விசாரிக்கவில்லை.

"அந்தம்மாவுக்குக் கத்திக் கத்தித் தொண்டை கட்டியிருக்கும். சும்மா பிகு பண்ணாம ஆரம்பிங்க சார்," என்றார் பி.டி. மாஸ்டர்.

"வேண்டாம்ப்பா. திருந்திட்டேன்."

"நீங்களா?"

எல்லோரும் சிரித்தார்கள். அவருக்கும் நாக்கு துறுதுறுத்துக்கொண்டுதான் இருந்தது.

டம்ளரை வைத்தார். ஓவிய ஆசிரியரின் கண்ணாடியைப் பிடுங்கி மூக்கு நுனியில் மாட்டினார். சாக்பீஸை உயர்த்தினார்.

"கடைசி பெஞ்ச்! என்ன ஜோக்கு? சொன்னா நானும் சிரிப்பேன்ல?"

வரலாற்று டீச்சரின் அதே கீச்சு. கடைசிச் சொல்லில் ஏறி உடையும் அதே குரல். பி.டி. மாஸ்டருக்குப் புரையேறியது.

வாசல் பக்கம் இருந்தவர்கள்தான் முதலில் அடங்கினார்கள்.

வாசலில் வரலாற்று டீச்சர் நின்றிருந்தார். பாதியாக இளைத்திருந்தார். கழுத்தைச் சுற்றித் துணி. பின்னால் அவர் கணவர்.

கணக்கு வாத்தியார் அவசரமாகக் கழற்றப் பார்த்தார். கண்ணாடி காதில் சிக்கிக்கொண்டு கழலவில்லை. அம்மாவின் கட்டில் கண்முன் வந்தது.

"டீச்சர்... இன்னிக்கு மட்டும்தான்..."

டீச்சர் நேராக அவரிடம் வந்தார். திட்டவில்லை. பி.டி. மாஸ்டர் தன் டம்ளருக்குள்ளேயே பார்த்துக்கொண்டிருந்தார்.

டீச்சர் தன் கண்ணாடியைக் கழற்றினார். துடைத்தார். அவரிடம் நீட்டினார்.

கணக்கு வாத்தியாருக்கு விளங்கவில்லை. கணவரைப் பார்த்தார்.

"தொண்டைல ஆபரேஷன் சார். இனிமே பேச வராது. வீட்ல நாங்களும் மாத்தி மாத்திச் சொல்லிப் பாத்தோம், எங்க யாருக்கும் அவ குரல் வரல. இன்னொரு தடவை சொல்லுங்க சார், அவ கேக்கட்டும்."