வேடு கட்டிய கை

1912 கோடையில், தேவசிகாமணி வாத்தியாருக்கு இரண்டாம் தாரமாக வந்த சாலோமி, இறந்துபோன மூத்தவள் பாக்கியவதியின் ஜாடியில் மாவடு போட்டு, வாயைத் துணியால் மூடிக் கயிற்றால் வேடு கட்டினாள். மறுநாளே முறைக்காய்ச்சலில் படுத்தவள் பல நாள் எழவில்லை. தினமும் கிளறாத மாவடு கெட்டுப்போகும்.

தேறி எழுந்ததும் பயத்தோடு ஜாடி முன் உட்கார்ந்தாள். "மூத்தா ஜாடியப் பாழாக்கிட்டேன்னு மதினி ஏசப்போறாவ," என்று வாத்தியாரின் தமக்கையை நினைத்து முனகினாள். முடிச்சு அவள் போட்டதற்கு எதிர்ப்பக்கமாக விழுந்திருந்தது, அவிழ்க்கச் சிரமப்பட்டாள். உள்ளே மாவடு பக்குவமாக ஊறியிருந்தது. பக்கத்தில் கிடந்த அகப்பையில் ஈரம் காயவில்லை.

"நீங்களா கிளறுனீங்க?"

"நான் தொடவேயில்ல, புள்ள." வாத்தியார் கயிற்றைப் பார்த்தார். "பாக்கியவதிக்கு இடக்கைப் பழக்கம். அவ போடுத முடிச்சு இப்படித்தான் இருக்கும்."

சாலோமி மாவடுவைக் கிளறிவிட்டாள். பிறகு வேடு கட்டி, கயிற்றில் பாதியை முடிச்சுப் போடாமல் விட்டாள். "மிச்சம் உங்களுக்கு, அக்கா."

விடிந்தபோது, அவள் முடிச்சை ஒட்டி இன்னொரு முடிச்சு, எதிர்ப்பக்கமாக விழுந்திருந்தது.