பட்டியலில் முதல் பெயர்

"பெத்த அம்மா மேலேயே மனுவா?"

நான் கேட்கக் கூடாதுதான். டைப் அடிக்கிறவ டைப் அடிச்சுட்டுப் போகணும். ஆனா என் வாய் சும்மா இருக்காது. வக்கீல் மேடமும் இருபது வருஷமா சொல்லிச் சொல்லி அலுத்துப்போய் விட்டுட்டாங்க.

எதிர்ல உட்கார்ந்திருந்த பொண்ணுக்கு இருபத்திரண்டு வயசு இருக்கும். பத்து நாளைக்கு முன்னால இஷ்டமில்லாத கல்யாணம். மாட்டேன்னு சொன்னவளைப் பிடிச்சு, கையை முறுக்கி, பதிவுப் புத்தகத்துல கையெழுத்து வாங்கியிருக்காங்க. அந்த வலது கை இப்போ விரல் நுனி வரைக்கும் கட்டுக்குள்ள இருந்துது. அதுக்கப்புறம் ஒரு ரூம்ல போட்டுப் பூட்டிட்டாங்களாம். நேத்து காலையில கதவு பூட்டாம இருந்துதாம், தோழி வீட்டுக்கு ஓடி வந்துட்டா.

கையில கிடைச்சா அப்பா கொன்னுடுவார்னு பயம். அதான் போலீஸ் பாதுகாப்பு கேட்டு கோர்ட்டுக்கு மனு.

யார் யாரால ஆபத்துன்னு ஒரு பட்டியல் கொண்டுவந்திருந்தா. பேர், வயசு, விலாசம் எல்லாம் முத்து முத்தான எழுத்துல. அப்பா, அண்ணன், சித்தப்பா, மாப்பிள்ளை. எல்லாருக்கும் மேல, ஒண்ணாம் நம்பரா அம்மா.

"உங்கம்மா உன்னை அடிச்சாங்களா?"

"இல்லக்கா."

"பின்னே?"

"கையை முறுக்கினப்போ பக்கத்துலதான் நின்னாங்க. ஒண்ணும் பேசல."

"பேசாததுக்கெல்லாம் போலீஸை அனுப்புவியா? உங்கப்பாவை எதிர்த்துப் பேச அந்த வீட்டுல யாரால முடியும், சொல்லு."

அவ பட்டியலை இன்னும் கொஞ்சம் என் பக்கம் நகர்த்தினா.

எனக்குப் பத்திக்கிட்டு வந்துது. எனக்கும் ஒரு பொண்ணு இருக்கா. நாளைக்கு அவ இப்படி எங்கேயாவது உட்கார்ந்து என் பேரைச் சொன்னா?

மேடம் வர இன்னும் அரைமணி நேரம் இருந்துது. அம்மா பேரை விட்டுட்டு மத்த நாலு பேரை மட்டும் அடிச்சேன். அந்த அம்மாவுக்கு என்னால ஆன உபகாரம்.

"படிச்சுப் பார்த்துட்டுக் கையெழுத்துப் போடு."

நூத்துல தொண்ணூறு பேர் படிக்க மாட்டாங்க. இவ வரி வரியாப் படிச்சா.

"அக்கா, அம்மா பேரு விட்டுப் போச்சு."

"விட்டுப் போகல, நான்தான் விட்டேன். உன் கோபம் நாலு நாள்ல ஆறிடும். கோர்ட்டுல கொடுத்த காகிதம் அப்படியே இருக்கும். யோசிச்சுக்கோ."

"சேர்த்துடுங்கக்கா. முதல் பேரா வரணும்."

"கல்நெஞ்சும்மா உனக்கு."

அவ கண்ணு கலங்கிடுச்சு. ஆனா பிடிச்ச பிடியை விடல.

"முதல் பேராக்கா. அவசியம்."

எக்கேடு கெட்டுப் போன்னு முணுமுணுத்துக்கிட்டே மறுபடி அடிச்சேன். பேனாவை நீட்டினேன். இடது கையால வாங்கி, ஒவ்வொரு எழுத்தா, ஒண்ணாங்கிளாஸ் பிள்ளை மாதிரி கோணல்மாணலாப் போட்டா. அதுக்கே ரெண்டு நிமிஷம் ஆச்சு.

அப்பத்தான் எனக்கு உறைச்சுது. பட்டியலை மறுபடி எடுத்துப் பார்த்தேன். அதே முத்து முத்தான எழுத்து.

"ஏம்மா, இந்தக் கையை வச்சுக்கிட்டா இதை எழுதின?"

அவ வாசல் பக்கம் ஒரு தடவை பார்த்தா. பட்டியலை என்கிட்டேர்ந்து வாங்கி நாலா மடிச்சுக்கிட்டே, குரலைத் தாழ்த்திச் சொன்னா:

"அம்மா எழுதினதுக்கா. பூட்டைத் திறந்துவிட்டு இதையும் கையில கொடுத்தாங்க. 'என் பேரை முதல்ல போடச் சொல்லு. இல்லேன்னா திறந்துவிட்டது யாருன்னு உங்கப்பாவுக்குத் தெரிஞ்சுபோயிடும்'னாங்க."