நீலக் கோட்டுக்கு உள்ளே

திரையில் விரல் பட்டுவிடக் கூடாது என்று கைபேசியை இரண்டு கைகளாலும் ஏந்திப் பிடித்திருந்தாள் கிருஷாந்தி.

வரைபடம் இன்னும் முழுதாகத் திறக்கவில்லை. சதுப்புப் பக்கம் சிக்னல் ஒரு கோடுதான் வரும்.

பத்தடி தள்ளி மண் அள்ளும் பெக்கோ இயந்திரம் உறுமிக்கொண்டு நின்றது. அதன் இரும்புப் பற்களில் கோரைப்புல் வேரோடு தொங்கியது.

நுவரெலியாவிலிருந்து வந்திருந்த சுற்றாடல் அதிகாரி ஒரு சிங்களப் பெண். மனுக் கொடுத்தவரே இடத்தில் நின்று காட்ட வேண்டும் என்று சொல்லிவிட்டு, குடையின் கீழ் காத்திருந்தார்.

சின்னராசாவுக்குத்தான் பொறுக்கவில்லை. மேலே ரோட்டோரம் எழும்பும் சுற்றுலா விடுதிக்கு அவர்தான் மேற்பார்வை. வாகனங்கள் நிறுத்த இடம் வேண்டும், இன்றைக்கே இந்தப் பள்ளத்தை மண் போட்டு மூடியாக வேண்டும், காட்டுவதானால் காட்டட்டும், இல்லையென்றால் வழியை விடட்டும் என்றார்.

கிருஷாந்திக்குப் பின்னால், தேயிலைத் தோட்டத்து வீட்டு வரிசைகளான மூன்று லயத்துச் சனமும் நின்றது. இந்தச் சதுப்பில் ஊறுகிற தண்ணீர்தான் மூன்று லயத்துப் பீலிகளிலும் விழுகிறது. அவள் பாடம் சொல்லிக்கொடுக்கும் முன்பள்ளிப் பிள்ளைகள் குடிப்பதும் அதைத்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், முன்பள்ளிப் படியில் உட்கார்ந்து அரசாங்கத்தின் இணையச் செயற்கைக்கோள் வரைபடத்தைத் தேடிப் பிடித்தவள் அவள். பாதுகாக்கப்பட்ட ஈரநிலங்கள் என்ற கட்டத்தில் சரி போட்டதும் சதுப்பு முழுதும் நீலமாக மாறியது. அன்றைக்கே மனு எழுதினாள்.

அவள் புருஷன் கஜேந்திரன் கூட்டத்தின் ஓரத்தில் நின்றான். வந்ததிலிருந்து அவள் அவன் பக்கம் திரும்பவில்லை.

படம் திறந்தது. நீலம். அதைச் சுற்றி அடர்த்தியான ஒரு கோடு. அதற்குள் மண் போடவும் கூடாது, கட்டவும் கூடாது.

அதிகாரி குனிந்து பார்த்தார். கையிலிருந்த காகித வரைபடத்தோடு ஒப்பிட்டார். பெக்கோவை நிறுத்தச் சொன்னார்.

இயந்திரம் அடங்கியதும் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது.

கிருஷாந்தி அவசரமாகக் கைபேசியைப் பைக்குள் வைக்கப் போனாள். தானும் பார்க்க வேண்டும் என்று சின்னராசா கையை நீட்டினார். அதிகாரி பக்கத்திலேயே நின்றார். கொடுக்காமல் முடியவில்லை.

அவர் இரண்டு விரல்களால் படத்தைச் சுருக்கினார்.

சதுப்பு சிறிதானது. கோடு கீழே நீண்டது. ஒற்றையடிப் பாதையைத் தாண்டி, புது வீட்டுக் காணிகளுக்குள் புகுந்து வளைந்தது. அதற்குள்ளே கூரை போடாத ஒரு வீட்டின் சுவர்கள் சதுரமாகத் தெரிந்தன.

"டீச்சர், கோட்டுக்குள்ள ஒரு வீடு நிக்குதே. அது யாரோடது?"

கூட்டத்தில் எல்லாருக்கும் தெரியும். ஏழு பேர்ச் காணி. நாலு வருடம் காத்திருந்து கிடைத்தது. ரோட்டிலிருந்து சீமெந்து மூட்டைகளை முதுகில் சுமந்தே கஜேந்திரன் ஜன்னல் மட்டத்துக்குச் சுவரை எழுப்பியிருந்தான்.

சின்னராசா குரலைத் தாழ்த்தினார். மனுவைத் திருப்பி வாங்கிக்கொண்டால் இந்தக் கோட்டைத் தானும் பார்க்கவில்லை என்றார்.

அந்த ஞாயிற்றுக்கிழமையே அவள் அதைப் பார்த்துவிட்டாள். மனுவோடு வைத்த படத்தில் கீழ்ப்பகுதியை வெட்டியவள் அவள்தான். கஜேந்திரனிடம் சொல்ல எத்தனையோ தரம் வாயெடுத்தாள். ஒவ்வொரு தரமும் அவன் முதுகுதான் கண்முன் வந்தது.

அதிகாரியைப் பார்த்தாள்.

"எங்க வீடுதாங்க மிஸ். நான்தான் மறைச்சிட்டேன். அதுக்காகச் சதுப்ப விட்டுறாதீங்க."

பின்னால் யாரோ ஒருத்தி பிள்ளையை இடுப்பு மாற்றி வைத்துக்கொண்டாள்.

சின்னராசா சிரித்தார். உண்மையை மறைத்துக் கொடுத்த மனு செல்லாது என்று அதிகாரியிடம் சிங்களத்தில் சொன்னார். பெக்கோக்காரனுக்குக் கண்காட்டினார். அவன் கை சாவிக்குப் போனது.

அதிகாரி அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை. குடையைத் தோளில் சாய்த்துக்கொண்டு கோப்பைப் பிரித்தார். எதுவும் மறைக்கப்படவில்லை என்றும், மனுவில் இரண்டு பக்கங்கள் இருக்கின்றன என்றும் சிங்களத்தில் சொன்னார்.

கிருஷாந்தி எழுதியது ஒரே பக்கம்.

இரண்டாவது, கொப்பியிலிருந்து கிழித்த கோடு போட்ட தாள். அதிகாரி அதை அவளிடம் நீட்டினார். மனுவை அலுவலகத்துக்குக் கொண்டுவந்தவருக்கு இடத்தை உறுதிசெய்யக் கணினியில் வரைபடத்தைக் காட்டினார்களாம். அவர் வெகுநேரம் திரையைப் பார்த்துக்கொண்டே நின்றாராம். பிறகு ஒரு தாள் கேட்டாராம்.

மனுவைக் கொண்டுபோனது கஜேந்திரன்.

வலப்பக்கம் சாய்ந்த அவன் எழுத்து. பதினோராம் இலக்கக் காணியும் கோட்டுக்குள் வருகிறது, அது எங்களுடையது, இன்றிலிருந்து வேலையை நிறுத்திவிட்டோம், தண்ணீரைக் காப்பாற்றித் தாருங்கள் என்று இருந்தது. கீழே அவன் கையெழுத்து, மூன்று வாரத்துக்கு முந்திய திகதி.

கிருஷாந்தி அப்போதுதான் அவன் பக்கம் திரும்பினாள். அவன் செருப்பில் ஒட்டிய சேற்றை ஒரு கல்லில் தேய்த்துக்கொண்டிருந்தான்.

மூன்று வாரமாக, மணல் லொறி இன்னும் வரவில்லை என்றுதான் அவளிடம் சொல்லிவந்தான்.